தற்காலிகக் குரல்

“எந்திரிச்சு வர்றியா இல்லையா? எத்தனை தடவை கூப்பிடறது உன்னை!” என்று உள்ளறையிலிருந்து இவள் குரல் காது கிழியக் கத்தியபோது, இவள் கூடத்தில் கணவனின் சவப்பெட்டிக்குப் பக்கத்தில் வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

கூடத்தில் இருந்த பதினைந்து பேரும் முதலில் இவள் வாயைப் பார்த்தார்கள். பிறகு பெட்டியைப் பார்த்தார்கள். உயிரோடு இருந்தபோதே அந்தக் குரலுக்கு எழுந்து வராதவன் இப்போதா வரப்போகிறான்? அவன் பாட்டுக்குக் கண்ணை மூடிக் கிடந்தான்.

“சாப்பாடு ஆறிக் கல்லாப் போச்சு! காது என்ன அடைச்சா கிடக்கு?” என்றது குரல், விடுவதாக இல்லை. பிறகு யாரோ கழுத்தைப் பிடித்ததுபோல் படக்கென்று நின்றது.

எதிர்ச் சுவரோரம் உட்கார்ந்திருந்த நாத்தனார் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி மாட்டிக்கொண்டாள். இருபது வருஷம் தலைமையாசிரியையாக இருந்தவள். அவள் கண்ணாடியைத் துடைத்தால் யாருக்கோ மண்டகப்படி காத்திருக்கிறது என்று அர்த்தம்.

“அது உன் குரல்தானே?”

“ஆமா.”

“நீ இங்கதானே உக்காந்திருக்கே?”

“ஆமா அண்ணி.”

“அப்ப உள்ள யாரு?”

இவள் எழுந்தாள். மூன்று நாளாக மடக்கியே வைத்திருந்த முழங்கால் இரண்டும் விண்ணென்று வலித்தன. அத்தனை பேர் பார்வையும் முதுகில் ஊர, நடந்துபோய்க் கணவனின் அறைக்குள் நுழைந்து கதவைச் சாத்தினாள்.

உள்ளே இருந்தது குறிப்பு. அது அவள் பேரில்லை, பட்டப்பேர். வீடியோ கேம் கம்பெனியில் அவளுக்கு ஆராய்ச்சி வேலை. ஆராய்ச்சி என்றதும் பெரிதாக நினைத்துக்கொள்ள வேண்டாம். புது கேமை ஆடிப்பார்க்க வந்தவர்களுக்குப் பின்னால் நாற்காலி போட்டு உட்கார்ந்து, எந்த இடத்தில் புருவத்தைச் சுருக்கினார்கள், எந்த இடத்தில் கொட்டாவி விட்டார்கள் என்று ஒன்று விடாமல் குறித்துக்கொள்வாள். இவள் கணவனோடு வேலை பார்த்தவள், அவன் சொந்தமாகச் செய்யும் கேமுக்கும் கைகொடுத்தாள். அவன்தான் அந்தப் பேரை வைத்தான். ஊருக்கெல்லாம் பேர் வைக்க நேரமிருந்தது அவனுக்கு.

அரை மணிக்கு முன்னால் வந்தவள், பெட்டியின் தலைமாட்டில் நின்று ஒரு பாட்டம் அழுதுவிட்டு, இவள் காதோரம் குனிந்து, “அக்கா, அவர் கம்ப்யூட்டரை ஒரு அரை மணி நேரம் பாக்கணும்” என்றாள். எதற்கென்று கேட்கக்கூட இவளுக்குத் தெம்பில்லை. கையை மட்டும் ஆட்டினாள். இப்போது அந்தப் புண்ணியவதி ஸ்பீக்கர் வயரைப் பிடுங்கிக் கையில் வைத்துக்கொண்டு, கையும் களவுமாக மாட்டியவள் மாதிரி நின்றாள்.

“சாரிக்கா. ஹெட்போன்லதான் வரும்னு நினைச்சேன்.”

ஹெட்போன் எங்கே இருக்கிறது என்று இவளுக்கும் தெரியாது. புதன்கிழமை சாயங்காலம் அவன் தலையிலிருந்து அதைக் கழற்றியது இவள்தான். கழற்றி எங்கே எறிந்தாள் என்பது நினைவில் இல்லை.

“என் குரல் எப்படி இதுக்குள்ள வந்துச்சு?”

“அது… தற்காலிகக் குரல்க்கா.”

“என்ன எழவு அது?”

குறிப்பு சொன்னாள். சொல்லும்போது இவள் முகத்தைப் பார்க்காமல் திரையைப் பார்த்தே சொன்னாள். கேம் செய்கிறவர்களுக்கு ஒரு பழக்கம் உண்டு. படம் வரைந்து முடியாத இடத்தில் ஒரு நீலக் கட்டத்தை வைப்பார்கள். இசை வராத இடத்தில் யாராவது விசிலடித்ததை வைப்பார்கள். குரல் வேண்டிய இடத்தில் கைக்குக் கிடைத்த குரலைப் போட்டு, அதன் தலையில் ‘தற்காலிகம்’ என்று எழுதிவிடுவார்கள், அப்புறம் மாற்றிக்கொள்ளலாம் என்று. இவன் கேமில் ஏழு மாடிக் கட்டடம். ஒரு ஈ காக்கை கிடையாது. ஆடுகிறவன் கையில் ஒரு டார்ச்சோடு மேலே ஏறவேண்டும். மூன்றாம் மாடியில் ஒரு கதவு, அதற்குப் பின்னால் ஒரு பெண்பிள்ளை கத்திக்கொண்டே இருப்பாள். அவள் கத்தும்போது அசைந்தால் ஆட்டம் முடிந்தது.

“அந்தப் பேய்க்கு என் குரலா?”

“பேய்னு இல்லக்கா. அது யாருன்னு கேம்ல எங்கயும் சொல்லவே மாட்டோம்.”

“பூட்டின கதவுக்குப் பின்னால நின்னு கத்தறவ பேயில்லாம வேற யாரு?”

இவளுக்கு உடம்பெல்லாம் பற்றிக்கொண்டு வந்தது. பன்னிரண்டு வருஷம் அவன் அதே கேம் கம்பெனியில் டெஸ்டராக இருந்தான். கேம் விளையாடுவதற்குச் சம்பளமா என்று உறவெல்லாம் வாயைப் பிளந்தது. விளையாட்டாவது மண்ணாங்கட்டியாவது! நாள் முழுக்க ஒரு பொம்மையைச் சுவர் சுவராக முட்டவிட்டு, எந்த மூலையில் அது சுவருக்குள் விழுந்து காணாமல் போகிறது என்று பார்க்கிற வேலை. விழுந்தால் எழுதவேண்டும்: எப்படி வரவைப்பது, நடப்பது என்ன, நடக்க வேண்டியது என்ன. எழுதி எழுதி வீட்டிலும் அதே புத்தி. குழாய் ஒழுகினால் ‘நடப்பது: சொட்டுகிறது. நடக்க வேண்டியது: சொட்டக்கூடாது’ என்று சீட்டு எழுதிக் குழாய்மேல் ஒட்டுவானே தவிர, குழாய் ரிப்பேர்காரரைக் கூப்பிடமாட்டான். கூப்பிடுவது இவள் தலையில்தான் விடியும்.

கம்பெனி டெஸ்டர் பிரிவையே இழுத்து மூடியபோது, சொந்தமாக ஒரு கேம் செய்கிறேன் என்று இந்த அறைக்குள் நுழைந்தவன்தான். நாலு வருஷம். இவள் தண்ணீர்க் கம்பெனியின் புகார்ப் பிரிவில் போன் எடுக்கிற வேலை பார்த்தாள். குழாயில் தண்ணீர் வராதவன், சாக்கடையாக வருகிறவன் என்று நாளைக்கு நூறு பேர் காறித் துப்புவார்கள். அத்தனை பேருக்கும் “சிரமத்துக்கு மன்னிக்கணும் சார்” என்று தேன் தடவிச் சொல்லவேண்டும். வீடு வந்து சேரும்போது தேன் தீர்ந்திருக்கும். மிச்சமிருப்பதெல்லாம் இந்தக் கதவுக்கு வெளியே நின்று கத்திய குரல்தான். கத்தினாள், மறுக்கவில்லை. அதைப் பிடித்து வைத்துப் பேய்க்குப் போடுவான் என்று கண்டாளா?

“எப்படிப் பிடிச்சான்?”

குறிப்பு மேஜை மேலிருந்த மைக்கைக் காட்டினாள். “சத்தம் ஒரு அளவைத் தாண்டினா அதுவே பதிஞ்சுக்கும். அதுவே நம்பர் போட்டுக்கும். அதுவே போயி மூணாம் மாடிக் கதவுக்குப் பின்னால சேந்துக்கும். முதல் வருஷம் சும்மா வேடிக்கைக்கு எழுதின ப்ரோக்ராம்க்கா. அப்புறம் அவர் நிறுத்தவே இல்ல.”

“இன்னும் ஓடிட்டுதான் இருக்கா?”

“புதன்கிழமை வரைக்கும் ஓடியிருக்கு.”

புதன்கிழமை வரைக்கும். இவள் கட்டில் விளிம்பைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாள்.

ஏனென்றால் செவ்வாய்க்கிழமை என்று ஒன்று இருந்தது. செவ்வாய்க்கிழமை ராத்திரி, ஏழாவது தடவையோ எட்டாவது தடவையோ கூப்பிட்டும் அவன் வராமல் போக, இவள் இதே கதவைக் காலால் உதைத்து, “செத்துத் தொலையேன்! எனக்காவது நிம்மதியா இருக்கும்!” என்று கத்தினாள். உள்ளேயிருந்து ஒரு சத்தமும் வரவில்லை. இவள் போய்ப் படுத்துவிட்டாள். மறுநாள் காலையில் எட்டிக்கூடப் பார்க்காமல் வேலைக்குக் கிளம்பினாள். மத்தியானம் இரண்டு தடவை போன் அடித்தாள், எடுக்கவில்லை. வீம்பு பிடிக்கிறான், பிடிக்கட்டும் என்று விட்டுவிட்டாள். சாயங்காலம் வந்து பார்த்தால், அவன் திரைக்கு முன்னால் தலை தொங்க உட்கார்ந்திருந்தான். தொட்டாள், சில்லென்று இருந்தது. காலை ஆறுக்கும் ஒன்பதுக்கும் நடுவில் போயிருக்கும் என்றார் டாக்டர்.

அந்த வார்த்தை இவளுக்கும் அவனுக்கும் மட்டும்தான் தெரியும், அவனும் போய்விட்டான் என்று மூன்று நாளாக இவள் அதைத் தொண்டைக்குள் வைத்துக்கொண்டிருந்தாள். நாத்தனார் வந்ததிலிருந்து மூன்று தடவை கேட்டாயிற்று, “கடைசியா எந்தம்பிகிட்ட என்ன பேசினே?” என்று. மூன்று தடவையும் “போயிட்டு வரேன்னு சொன்னேன் அண்ணி” என்றே சொல்லிவைத்தாள். இப்போது பார்த்தால், வீட்டுக்குள்ளேயே ஒரு சாட்சி உட்கார்ந்து எல்லாவற்றுக்கும் நம்பர் போட்டு வைத்திருக்கிறது.

“எத்தனை பேர் கேட்டிருக்காங்க இதை?”

“ஆடிப்பாக்க வந்தவங்க இருபத்தாறு பேர். போன மாசம்.”

“இருபத்தாறு பேரா? முன்ன பின்ன தெரியாதவன் இருபத்தாறு பேரு, நான் எம்புருஷனைத் திட்டறதை உக்காந்து கேட்டுட்டு எந்திரிச்சுப் போயிருக்கான். நீ பின்னாலயே உக்காந்து குறிப்பு எடுத்திருக்கே. வெக்கமா இல்ல உனக்கு?”

“நான் மாத்தச் சொன்னேன்க்கா. சத்தியமா சொன்னேன். ஒரு நடிகையை வெச்சு எல்லா வசனமும் பதிவு பண்ணிக்கூட ஆச்சு. அவர்தான் மாத்தல.” குறிப்புக்கும் குரல் ஏறியது. “உங்ககிட்ட சொல்லிடறேன், சொல்லிடறேன்னு நாலு மாசமா சொல்லிட்டிருந்தார். பயம் அவருக்கு.”

“அவனுக்குப் பயம்! கேட்டுக்கோ.”

“இருபத்தாறு பேர்ல பத்தொம்பது பேர் அந்தக் கதவுகிட்டயே நின்னுட்டாங்கக்கா. முதல் தடவை ஓடித் தோத்துடறாங்க. அடுத்த தடவை அசையாம நின்னு தப்பிச்சப்புறம் திரும்பி வந்து நிக்கறாங்க. ஆட்டத்துக்கு அது தேவையே இல்ல. ஏன் நின்னீங்கன்னு கேட்டா, இந்தக் கட்டடத்துலயே பேசற ஆள் இது ஒண்ணுதானேங்கறாங்க. அவர் அதைப் படிச்சுட்டு…”

“நிறுத்து. உன் ஆராய்ச்சி எனக்கு வேணாம்.” இவள் எழுந்துவிட்டாள். “இப்ப எதுக்கு வந்தே? சாவு வீட்ல வந்து இதைத் திறக்கற அளவுக்கு அப்படி என்ன அவசரம்?”

சாயங்காலம் ஐந்து மணிக்கு அந்தக் கேம் உலகம் பூராவும் வெளியாக வேண்டும். கடைசி வடிவத்தை இந்தக் கம்ப்யூட்டரிலிருந்துதான் அனுப்ப முடியும், அதற்கான சாவி இதற்குள்தான் இருக்கிறது. இன்றைக்கு விட்டால் மறுபடி வரிசையில் நின்று நாள் வாங்க வேண்டும். குறிப்பு இதையெல்லாம் ஒரே மூச்சில் சொன்னாள். “நீங்க அனுமதி குடுத்தாத்தான் அனுப்புவேன். இல்லேன்னா எந்திரிச்சுப் போயிடறேன்” என்று முடித்தாள்.

“அந்த நடிகை குரலைப் போட்டுக்கோ. என்னோடது ஒண்ணு விடாம அழி. இங்கயே, என் கண் முன்னால.”

“எதை அழிக்கச் சொல்றே?”

நாத்தனார். கதவைத் தட்டவில்லை. பள்ளிக்கூடத்தில் எந்த வகுப்புக் கதவையும் தட்டி வழக்கமில்லை போலும்.

குறிப்பு இரண்டு பேர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தாள். நல்லவள்தான், பொய் சொல்லத்தான் வராது. நாத்தனார் நாலு கேள்வி கேட்பதற்குள் எல்லாம் வெளியே வந்துவிட்டது, இருநூற்றுச் சொச்சம் பதிவு உட்பட. நாத்தனார் கேட்டுவிட்டுக் கட்டிலில் நிதானமாக உட்கார்ந்தாள்.

“அழிக்கக்கூடாது. எந்தம்பி சேத்து வெச்சது.”

“அது என் குரல் அண்ணி.”

“உன் குரல்தான். நீ போட்ட கூச்சல்லதான் அவன் நெஞ்சு வெடிச்சுதுன்னு நான் முதல் நாளே சொன்னேன், எல்லாரும் என் வாயை அடைச்சீங்க. இப்ப கேட்டுட்டே போறேன். போடும்மா நீ, கடைசியிலேர்ந்து ஒரு அஞ்சு போடு.”

“போடாதே” என்றாள் இவள்.

“எதுக்கு பயப்படறே? போயிட்டு வரேன்னுதானே சொன்னே?”

இன்னும் தடுத்தால் தடுப்பதே காட்டிக்கொடுத்துவிடும். குறிப்பு வயரை மறுபடி மாட்டி, சத்தத்தை அடி மட்டத்துக்குக் குறைத்து வைத்தாள். திரையில் நம்பர்கள் வரிசையாக வந்தன.

இருநூற்று ஒன்பது. “துணி காயப்போட்டது மழையில நனையுது, ஜன்னலுக்குப் பக்கத்துலதானே உக்காந்திருக்கே? எடுத்துப் போட்டா கையா தேஞ்சு போயிடும்?”

இருநூற்றுப் பத்து. “டாக்டர்கிட்ட போனியா இல்லையா? நெஞ்சைப் பிடிக்குதுன்னு சொல்லி பத்து நாளாச்சு! நான் லீவு போட்டு இழுத்துட்டுப் போகணுமா உன்னை?”

நாத்தனாரின் கை, கண்ணாடியைத் துடைக்கப் போனது, பாதியில் நின்றது. “நெஞ்சு வலியா? எங்கிட்ட சொல்லவே இல்லையே அவன்.”

“உங்ககிட்ட அவன் என்னத்தைத்தான் சொன்னான்?” இவளுக்கு ஒரு கொடூரமான சந்தோஷம் வந்தது. வந்ததை மறைக்கவும் இல்லை.

“நீயாவது என்கிட்ட ஒரு போன் பண்ணியிருக்கலாமில்ல?”

“பண்ணினா? எந்தம்பியை என்ன பண்ணி வெச்சிருக்கேன்னு ஒரு மணி நேரம் கேப்பீங்க. வேலை இடத்துலதான் நூறு பேர்கிட்ட வாங்கறேனே, உங்ககிட்டயும் வாங்கணுமா?”

நாத்தனாரின் மூக்கு நுனி சிவந்தது. “அடுத்தது போடும்மா.”

இருநூற்றுப் பதினொன்று, வெறும் பாத்திரச் சத்தமும் “ஐயோ கடவுளே!” என்ற ஒரு கூப்பாடும். இருநூற்றுப் பன்னிரண்டு, “கடைசியாக் கேக்கறேன், வர்றியா இல்லையா?” அதற்குப் பின்னால் கதவில் காலால் உதைக்கிற ஓசை. இவள் கண்ணை இறுக மூடிக்கொண்டாள். அடுத்தது அதுதான். பேசாமல் இந்தக் கம்ப்யூட்டரைத் தூக்கிச் சுவரில் அடித்துவிட்டால் என்ன என்று நினைத்தாள். நினைத்தாளே தவிர, கை எழவில்லை.

“நான் போறேன்! கதவைப் பூட்டிக்கோ!” என்றது குரல். படாரென்று வாசல் கதவு சாத்தும் சத்தம் கேட்டு, பதிவு முடிந்தது.

இவள் கண்ணைத் திறந்தாள்.

அது புதன்கிழமைக் காலை, ஏழரை மணி. அவன் அதைக் கேட்டானா, கேட்கும்போது இருந்தானா என்பது யாருக்குத் தெரியும்.

“பதிமூணு எங்க?” என்றாள் நாத்தனார்.

“மேடம்?”

“இருநூத்திப் பன்னெண்டு போட்டே. அடுத்தது இருநூத்திப் பதினாலுன்னு இருக்கு. நடுவுல ஒண்ணைக் காணோம்.” இருபது வருஷம் வருகைப் பதிவேடு பார்த்த கண். “எங்க அது?”

குறிப்பு திரையில் வேறொரு ஜன்னலைத் திறந்தாள். பிழைப் பட்டியல், அவன் எழுதுவானே அந்தச் சீட்டுகள், நூற்றுக்கணக்கில் இருந்தன. கடைசிச் சீட்டைத் திறந்து படித்தாள். படிக்கப் படிக்க அவள் முகம் வெளுத்தது. சட்டென்று ஜன்னலைச் சுருக்கிவிட்டு, “அது… இரைச்சல் மேடம். மைக் கீழ விழுந்திருக்கு. உதவாதுன்னு அவரே எடுத்திருக்கார்” என்றாள். இந்தத் தடவை பொய் சுத்தமாக வந்தது.

நாத்தனார் அவளைப் பார்த்தாள். இவளைப் பார்த்தாள். இன்னும் ஒரு கேள்வி கேட்டிருப்பாள். ஆனால் கூடத்திலிருந்து நாத்தனாரின் வீட்டுக்காரர், “வண்டி வந்துடுச்சு” என்று குரல் கொடுத்தார். நாத்தனார் எழுந்து, புடவை மடிப்பை நீவிக்கொண்டு வெளியே போனாள்.

“காட்டு” என்றாள் இவள்.

“வேணாம்க்கா. விட்டுடுங்க.”

“காட்டுடீன்னா.”

குறிப்பு நாற்காலியை விட்டு எழுந்து இடம் கொடுத்தாள். இந்த நாலு வருஷத்தில் இவள் அந்த நாற்காலியில் உட்கார்ந்ததே இல்லை. அவன் உயரத்துக்கு வைத்தது. இவள் கால் தரையில் முழுக்கப் படவில்லை.

பிழை: மூன்றாம் மாடிக் கதவுக்குப் பின்னால் தவறான வசனம்.

எப்படி வரவைப்பது: கதவருகே நிற்கவும். திறக்க வேண்டாம். காத்திருக்கவும்.

நடப்பது: “செத்துத் தொலையேன், எனக்காவது நிம்மதியா இருக்கும்” என்கிறாள்.

நடக்க வேண்டியது: இவள் இப்படிச் சொல்லமாட்டாள்.

மறுபடி வருகிறதா: இல்லை. ஒரே ஒருமுறை.

தீவிரம்: குறைவு.

நிலை: பதிவு 213 நீக்கப்பட்டது. பிழை மூடப்பட்டது.

கீழே நேரம் இருந்தது. புதன், காலை ஐந்து நாற்பது.

இவள் அதை முதலிலிருந்து கடைசி வரை மூன்று தடவை படித்தாள். ஆக, கதவுக்கு இந்தப் பக்கம் அவன் அதைக் கேட்டிருக்கிறான். ராத்திரி ஒரு தடவை இவள் வாயால் கேட்டான். விடிகாலையில் டார்ச்சைப் பிடித்துக்கொண்டு மூன்றாம் மாடி ஏறி, அங்கேயும் ஒரு தடவை கேட்டிருக்கிறான். கேட்டுவிட்டு எழுந்து வந்து இவளை எழுப்பி, ஏண்டி அப்படிச் சொன்னாய் என்று ஒரு அறை விட்டிருக்கலாம். அழுதிருக்கலாம். உட்கார்ந்து சீட்டு எழுதியிருக்கிறான்!

“பெரிய இவன் மாதிரி எழுதி வெச்சிருக்கான் பாரு” என்றாள். “சொல்லமாட்டாளாம். சொன்னேனே! நான்தான் சொன்னேன். இந்த வாயாலதான் சொன்னேன்.”

“அக்கா…”

“ஒரு தடவையாம். மனசுக்குள்ள எத்தனை தடவை சொல்லியிருக்கேன், அது எந்த மைக்ல விழும்? இதைத் தப்புன்னு எடுத்துப்போட இவன் யாரு? என்னைக் கேட்டானா?” மேஜையை ஓங்கி அடித்தாள். ஒரு பென்சில் உருண்டு கீழே விழுந்தது. இரண்டு பேரும் அதை எடுக்கவில்லை.

இனிமேல் பயமில்லை. அந்தப் பதிவு எங்கும் இல்லை. குறிப்பு உயிர் போனாலும் சொல்லமாட்டாள், அது அவள் முகத்திலேயே எழுதியிருந்தது. இந்தச் சீட்டையும் ஒரு தட்டுத் தட்டினால் போய்விடும். மூன்று நாளாக எதற்கு நடுங்கினாளோ அது முடிந்தது. அவனே முடித்துவிட்டுப் போயிருக்கிறான். ஆனால் இவ்வளவு கோபம் அவன் உயிரோடிருந்தபோது ஒரு நாளும் அவன்மேல் வந்ததில்லை.

“அந்த நடிகையோட குரலுக்கு மாத்திடட்டுமாக்கா? ஒரு டிக்தான்” என்றாள் குறிப்பு மெல்ல.

இவள் திரையைப் பார்த்துக்கொண்டே இருந்தாள்.

“வேணாம்.”

“உங்களோடதே இருக்கட்டுமா?”

“அவன் எப்படி வெச்சானோ அப்படியே அனுப்பித் தொலை” என்று சொல்லிவிட்டு நாற்காலியிலிருந்து இறங்கினாள்.

கூடத்தில் மூடி போடத் தயாராக நின்றுகொண்டிருந்தார்கள். வண்டிக்காரர் வாசல்படியில் நின்று மணி பார்த்தார். வந்தவர்கள் வழிவிட்டு ஒதுங்கினார்கள். சிலர் இவள் கண்ணைப் பார்க்காமல் தரையைப் பார்த்தார்கள். சற்று முன்னால் உள்ளேயிருந்து கேட்ட கத்தலை இனி பத்து வருஷம் பேசுவார்கள், பேசட்டும்.

நாத்தனார் பெட்டியின் கால்மாட்டில் நின்று தம்பியின் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். இவள் நேராக அவளெதிரில் போய் நின்றாள்.

“அண்ணி, காணோம்னு கேட்டீங்களே அந்தப் பதிமூணு. மைக் ஒண்ணும் விழல.”

நாத்தனார் நிமிர்ந்தாள்.

“செவ்வாய்க்கிழமை ராத்திரி அவனைச் செத்துத் தொலைன்னு சொன்னேன். எனக்காவது நிம்மதியா இருக்கும்னு சொன்னேன். அவன் கேட்டான். கேட்டுட்டு, அதை மட்டும் எடுத்துட்டான்.”

நாத்தனார் கண்ணாடியைக் கழற்றவில்லை, துடைக்கவில்லை. அடிப்பாள் என்று இவள் நினைத்தாள். அடித்தால் வாங்கிக்கொள்ளலாம் என்று முகத்தைக்கூடத் திருப்பவில்லை. நாத்தனாரின் உதடு இரண்டு தடவை அசைந்தது. இரண்டு தடவையும் வார்த்தை வரவில்லை.

“எடுக்கலாமாங்க?” என்றார் வண்டிக்காரர்.

“எடுங்க” என்றாள் இவள்.

மூடி போட்டார்கள். பெட்டிக்கு ஆறு கைப்பிடி. தலைமாட்டிலும் நடுவிலும் ஆண்கள் நாலு பேர் குனிந்து பிடித்துக்கொண்டார்கள். கால்மாட்டில் ஒரு பக்கம் நாத்தனாரே பிடித்தாள், யார் சொல்லியும் விடவில்லை. மற்றப் பக்கம் பிடிக்க வந்தவரை இவள் விலகச் சொல்லிவிட்டு, இரண்டு கையாலும் பிடித்தாள். தூக்கியபோது கனம் தோள்வரை இழுத்தது. நாத்தனார் இவளைவிட அரை அடி உயரம். அதனால் பெட்டி இவள் பக்கமாகச் சாய்ந்தது. உள்ளே ஏதோ மெல்லச் சரிந்து இவள் பக்கத்துப் பலகையில் வந்து முட்டியது. இரண்டு படி இறங்கியதும் நாத்தனார், முகத்தைத் திருப்பாமலே, தன் பக்கத்தைக் கொஞ்சம் தாழ்த்திப் பிடித்தாள்.